ஆனந்துக்குப் பின்னால் நின்ற கொல்கத்தா

டாக்குரியா ரயில் நிலையத்தில் இறங்கி, பாலத்தைக் கடந்து வடக்கே நடந்தால் கரியாஹாட் நாற்சந்தி வந்துவிடும். புடவைக் கடைகள், நடைபாதை வியாபாரம், ஓயாத ஹாரன். இந்த இரைச்சலுக்கு நடுவே, மேம்பாலத்தின் அடியில், மாலையானால் சதுரங்கப் பலகைகள் விரிகின்றன. ஓய்வுபெற்ற குமாஸ்தாவும் சட்டைக்கடைக்காரரும் கல்லூரி மாணவரும் எதிரெதிரே உட்காருகிறார்கள். சுற்றி நிற்பவர்கள் வாயை மூடிக்கொண்டு வேடிக்கை பார்ப்பார்கள் என்று எதிர்பார்க்கக் கூடாது, இது வங்காளம். குதிரையை எங்கே வைத்திருக்க வேண்டும் என்பதில் ஆளுக்கொரு கட்சி.

இந்த ஊருக்கும் சதுரங்கத்துக்கும் உள்ள உறவு பழையது. 19ஆம் நூற்றாண்டின் நடுவில் கல்கத்தாவில் வழக்கறிஞராக இருந்த ஜான் கோக்ரேன் பிரிட்டனின் வலுவான ஆட்டக்காரர்களுள் ஒருவர். நகருக்கு வெளியே, யாரிடமும் தோற்காத பிராமணர் ஒருவர் இருக்கிறார் என்று கேள்விப்பட்டுச் சதுரங்க மன்ற உறுப்பினர் ஒருவர் தேடிப்பிடித்தார்; பிறகு அவர் கோக்ரேனுக்கு அறிமுகமானார். அவர்தான் மகேஷ்சந்திர பானர்ஜி. இருவரும் ஆடிய ஆட்டங்கள் ஏராளம். 1855இல் மகேஷ்சந்திரர் கறுப்புக் காய்களோடு ஆடிய ஒரு தொடக்க முறை, 1922இல் வியன்னாக்காரர் எர்ன்ஸ்ட் குரூன்ஃபெல்ட் கையில் புகழ்பெற்று, குரூன்ஃபெல்ட் தற்காப்பு என்று அவர் பெயராலேயே வழங்குகிறது. மகேஷ்சந்திரரின் பெயர் ஆய்வாளர்களின் குறிப்பேடுகளோடு நின்றுவிட்டது.

வேலையை ஒருவர் செய்ய, பெயரை இன்னொருவர் பெறுவது கொல்கத்தா சதுரங்கத்தில் பிறகும் நடந்தது. ஆனால் அப்போது பெயர் பெற்றவர் நம் ஊர்க்காரரான ஆனந்த்.

அதைச் சொல்வதற்கு முன், கொல்கத்தாவின் திவ்யேந்து பருவா. 1978இல் பன்னிரண்டு வயதைக்கூடத் தாண்டாத நிலையில் தேசிய சாம்பியன் போட்டியில் ஆடியவர். 1982இல் லண்டன் லாயிட்ஸ் வங்கிப் போட்டியில் விக்டர் கோர்ச்னாயைத் தோற்கடித்தபோது அவருக்கு வயது 15. அதற்கு முந்தைய ஆண்டுதான் கோர்ச்னாய் உலகப் பட்டத்துக்காகக் கார்ப்போவோடு மோதியிருந்தார். அடுத்த ஆண்டே பருவாவுக்கு அர்ஜுனா விருது கிடைத்தது. கிராண்ட்மாஸ்டர் பட்டமோ 1991 வரை காக்கவைத்தது. வலுவான கிராண்ட்மாஸ்டர்கள் ஆடும் போட்டிகளில் பட்டத்துக்கான தகுதிநிலைகளை எட்ட வேண்டும். அப்படிப்பட்ட போட்டிகள் பெரும்பாலும் ஐரோப்பாவில் நடந்த காலம் அது. திறமை இருந்தால் மட்டும் போதாது, விமான டிக்கெட்டும் வேண்டும். 1988இல் ஆனந்த், 1991இல் பருவா, மூன்றாவதாக 1997இல் பிரவீண் திப்சே. ஒன்பது ஆண்டுகளில் மூன்றே பேர் என்றால் நிலைமை புரியும்.

சென்னையில் சோவியத் கலாசார மையத்தின் தால் சதுரங்க மன்றம் செய்த வேலையை, கொல்கத்தாவில் கார்க்கி சதனில் இயங்கிய அலெகைன் சதுரங்க மன்றம் செய்தது. இரு நகரங்களிலும் பிள்ளைகளுக்கு ஆட இடம் தந்தது ரஷ்யக் கட்டடம்தான். அடுத்த தலைமுறையின் சூர்யசேகர் கங்குலியும் சந்தீபன் சந்தாவும் 2003இல் கிராண்ட்மாஸ்டர் ஆனார்கள்.

சூர்யா 2003 முதல் 2008 வரை தொடர்ந்து ஆறு முறை தேசிய சாம்பியன். 2009இல் ஆசிய சாம்பியன். இப்படிப்பட்ட ஒருவரை இந்தியா முழுக்கத் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் அவருடைய முக்கியமான வேலை மேடையில் நடக்கவில்லை.

2008இல் பான் நகரில் கிராம்னிக், 2010இல் சோபியாவில் டோபலோவ், 2012இல் மாஸ்கோவில் கெல்ஃபாண்ட். இந்த மூன்று உலகப் பட்டப் போட்டிகளிலும் ஆனந்தின் உதவியாளர் குழுவில் சூர்யா இருந்தார். டென்மார்க்கின் நீல்சன், உஸ்பெகிஸ்தானின் காசிம்ஜானோவ், போலந்தின் வோய்தாஷெக் மற்ற மூவர். இத்தகைய உதவியாளர்களைச் சதுரங்க உலகில் ‘செகண்ட்ஸ்’ என்பார்கள். எதிராளி ஆடக்கூடிய ஒவ்வொரு தொடக்கத்தையும் மாதக்கணக்கில் அலச வேண்டும். கணினி சொல்வதை அப்படியே நம்பாமல் பலகையில் ஆடிப் பார்க்க வேண்டும். போட்டி நாட்களில், ஆனந்த் தூங்கும்போது இவர்கள் விழித்திருந்து, காலையில் அவர் கையில் கொடுக்கும்படி விஷயத்தைச் சுருக்கி வைக்க வேண்டும். எதையும் வெளியே மூச்சுவிடக் கூடாது. தான் கண்டுபிடித்த புதுமையான நகர்த்தலைத் தன் சொந்த ஆட்டத்தில் போட்டுவிடவும் முடியாது.

பலன் பான் நகரில் எல்லோருக்கும் தெரிந்தது. மூன்றாவது ஆட்டத்தில் ஆனந்த் கறுப்புக் காய்களோடு மெரான் என்ற தொடக்க முறையில் துணிந்து இறங்கி வென்றார். ஐந்தாவது ஆட்டத்தில் அதே வழியில் மறுபடி வென்றார். தயாரிப்புக்குப் பேர்போன கிராம்னிக், தயாரிப்பிலேயே அடி வாங்கினார். 6.5-4.5 என்ற கணக்கில் பட்டம் ஆனந்துக்கு. மூன்று போட்டிகளிலும் பட்டம் கைவிட்டுப் போகவில்லை. 2013இல் சென்னையில் கார்ல்சனை எதிர்கொண்டபோது குழு மாறியது. சசிகிரண், லேகோ, வோய்தாஷெக் ஆகியோரோடு இம்முறை சந்தீபன் சந்தா. அந்தப் பட்டம் போய்விட்டது என்பது நமக்கு மறக்காது.

உதவியாளர் வேலையில் ஒருவருடைய சொந்த ஆட்ட வாழ்க்கை எவ்வளவு கரைகிறது என்று கணக்குப் போட முடியாது. உலகின் முதல் இருபது முப்பது பேரைத் தவிர மற்ற கிராண்ட்மாஸ்டர்களுக்குப் பரிசுப்பணம் மட்டும் சோறு போடாது. பொதுத்துறை வேலை, ஐரோப்பிய லீக் ஆட்டங்கள், பயிற்சி வகுப்பு என்று பல வழிகளைச் சேர்த்துத்தான் குடும்பம் ஓடுகிறது. நம் சசிகிரணைப் போலவே சூர்யாவும் தேசியப் போட்டிகளில் பெட்ரோலிய நிறுவனங்களின் விளையாட்டு வாரியத்துக்காக ஆடியவர். பருவா கொல்கத்தாவில் அகாடமி நடத்துகிறார். புள்ளிப் பட்டியலை மட்டும் வெளியிடும் செய்திகளில் இந்தப் பக்கம் வருவதில்லை.

2018 முதல் டாடா ஸ்டீல் போட்டி உலகின் முன்னணி வீரர்களைக் கொல்கத்தாவுக்கே அழைத்து வருகிறது. உள்ளூர்ப் பிள்ளைகள் கார்ல்சனைப் பக்கத்தில் நின்று பார்க்க இப்போது ஐரோப்பாவுக்கு டிக்கெட் வேண்டியதில்லை. மித்ரபா குஹா, கௌஸ்தவ் சட்டர்ஜி, சாயந்தன் தாஸ் என்று வங்காளத்துக் கிராண்ட்மாஸ்டர்கள் வரிசையாக வருகிறார்கள். 2024இல் ஐரோப்பிய கிளப் கோப்பைப் போட்டியில் தீப்தாயன் கோஷ், இரண்டு முறை உலகப் பட்டத்துக்கு ஆடிய நெபோம்னியாச்சியைத் தோற்கடித்தார்.

சூர்யா இன்னும் ஓயவில்லை. 2022இல் மாமல்லபுரம் ஒலிம்பியாடின் பொதுப் பிரிவில் இந்தியா மூன்று அணிகளை இறக்கியபோது, 39 வயதில் ‘சி’ அணியில் சேதுராமன், கார்த்திகேயன் முரளி ஆகியோரோடு ஆடினார். குகேஷும் பிரக்ஞானந்தாவும் ஆடிய ‘பி’ அணி வெண்கலம் வென்றது. அந்த அணியின் பயிற்சியாளர் ஆர்.பி.ரமேஷ், இந்தியக் கிராண்ட்மாஸ்டர் வரிசையில் சூர்யாவுக்கு இரண்டு இடம் அடுத்து வருபவர்.