மண்ணைக் காட்டிய படமும் மண்ணைப் படித்த மனிதரும்



திரைப்படம் என்றவுடன் கதையும் பாட்டுமே நம் நினைவுக்கு வருகின்றன. உள்ளதை உள்ளவாறு காட்டும் ஆவணப்படம் என்பதும் ஒன்று உண்டு. திரைப்பட விமரிசகராக விளங்கிய பாரே லாரென்ட்ஸ் என்னும் அமெரிக்கர், 1936-ஆம் ஆண்டில் தம் நாட்டு அரசாங்கத்துக்காக அத்தகைய படம் ஒன்றை எடுத்தார். அதன் நாயகன் மண்ணே. முதல் உலகப் போரின்போது கோதுமையின் விலை ஏறியது. பரந்த புல்வெளிகள் உழப்பட்டன. மண்ணைப் பற்றியிருந்த புல்வேர்கள் அழிந்தன. பின்னர் மழை பொய்த்தபோது, காற்று மேல்மண்ணை வாரிச் சென்றது. ஆதாயம் கருதி உழுதவர்கள் அகதிகளாயினர்.

நம் பகுதியிலும் மண்ணைக் கூர்ந்து படித்த ஒருவர் வாழ்ந்தார். அவர் 1938-இல் பிறந்த கோ. நம்மாழ்வார். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் வேளாண்மை பயின்று, 1963-இல் கோவில்பட்டி ஆராய்ச்சி நிலையத்தில் பணியேற்றார். அவ்வூர் அப்போது திருநெல்வேலி மாவட்டத்தில் இருந்தது.

தாமிரபரணிப் படுகையில் எட்டு அணைக்கட்டுகள் உள்ளன. காரும் பிசானமும் விளைகின்றன. வடக்கே உள்ள கரிசலோ வானம் பார்த்த பூமி. ஈரமில்லாத மண்ணில் இட்ட உரம் பயிருக்குச் சேராது. மழை தவறினால் கடன் மட்டுமே மிஞ்சும். விலைமிக்க விதையும் உரமும் ஏழை மானாவாரி உழவர்க்கு உதவா எனக் கண்ட நம்மாழ்வார், 1969-இல் வேலையைத் துறந்தார்.

பின்னர், நோபல் பரிசு பெற்ற பெல்ஜியத் துறவி டொமினிக் பியர் நிறுவிய தொண்டு அமைப்பின் சார்பில் களக்காட்டில் பணியாற்றினார். வெளியிலிருந்து வாங்கும் இடுபொருள் குறையவேண்டும் என்பதே அவர் அங்குக் கற்ற பாடம். வைக்கோல் மாட்டுக்கு, சாணம் வயலுக்கு. பயறு வகைகளின் வேர்முடிச்சுகள் காற்றிலுள்ள நைட்ரஜனை மண்ணுக்குத் தருகின்றன. இவ்வழியையே 2013-இல் மறையும்வரை அவர் பரப்பினார்.

கப்பலில் வந்த கோதுமையை நாடு எதிர்பார்த்திருந்த அந்நாளில், உயர்விளைச்சல் விதைகள் பலருடைய பசியைத் தீர்த்தன என்பதை மறத்தலாகாது. எனினும் எல்லா நிலத்துக்கும் ஒரே முறை பொருந்தாது என்பதும் உண்மையே.

மாணவர்களே, இன்று உங்களுள் பலர் கையில் படக்கருவியுடன் கூடிய தொலைபேசி இருக்கிறது. உங்கள் வீட்டு உலையில் இடும் அரிசியைப் பின்தொடர்ந்து அருகிலுள்ள வயல்வரை செல்லுங்கள். விதை யாருடையது, நீர் எக்கால்வாயினது, உரம் எங்கிருந்து வந்தது, செலவு போக உழவர்க்கு மிஞ்சியது என்ன என்று பணிவுடன் கேட்டுப் பதிவு செய்யுங்கள். நம் படுகையில் நாளை உழவு நிலைக்குமா என்பதற்கான விடை, அந்த நான்காம் வினாவின் பதிலில் இருக்கிறது.