பரமார்த்த குருவும் ஐந்து சீடர்களும்

மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன். பரமார்த்த குருவின் சீடர்களுக்கு வைத்த பெயர்களிலேயே கதை பாதி சொல்லியாகிவிடுகிறது. ஆறு தூங்குகிறதா என்று பார்க்கக் கொள்ளிக்கட்டையைத் தண்ணீரில் நுழைத்து, 'சுர்' என்று புகை கிளம்பியதும் ஆறு விழித்துக்கொண்டது என்று அலறி ஓடியவர்கள் இவர்கள். பூசணிக்காயைக் குதிரை முட்டை என்று நம்பிக் காசு கொடுத்து வாங்கியவர்களும் இவர்களே.

இக்கதைகளை எழுதியவர் வீரமாமுனிவர். 1680-இல் இத்தாலியில் பிறந்து, இயேசு சபைத் துறவியாகத் தமிழகம் வந்த பெஸ்கி. தேம்பாவணி என்னும் காப்பியமும் சதுரகராதியும் தந்த புலவர், இங்கே சாதாரணப் பேச்சுக்கு நெருங்கிய உரைநடையைக் கையாண்டார். தமிழ் கற்கும் ஐரோப்பியருக்கு உதவும்படி லத்தீன் மொழிபெயர்ப்பும் செய்தார். 1822-இல் பெஞ்சமின் பாபிங்டன் இக்கதைகளைத் தமிழ் மூலத்தோடும் ஆங்கில மொழிபெயர்ப்போடும் லண்டனில் வெளியிட்டார்.

கதைச் சரக்கு முழுவதும் வீரமாமுனிவரின் கற்பனை அன்று. ஆற்றைக் கடந்தபின் ஒவ்வொருவரும் தன்னை விட்டுவிட்டு எண்ணி, ஆறு பேரில் ஒருவரை ஆறு கொண்டுபோய்விட்டது என்று அழுகிறார்களே, அதே கதை பத்துப் பேரை வைத்து வேதாந்த நூலான பஞ்சதசியில் வருகிறது. அங்கே 'பத்தாவது ஆள் நீயே' என்பது ஆன்ம ஞானத்துக்கு உவமை. இங்கேயோ வழிப்போக்கன் ஒருவன் கூலி பேசிக்கொண்டு ஆளுக்கு ஓர் அடி முதுகில் கொடுத்து எண்ண வைக்கிறான். இங்கிலாந்தின் கோத்தம் ஊர் மூடர்களைப் பற்றியும் இப்படி ஒரு கதை உண்டு. தெலுங்கில் பரமானந்தய்யாவின் சீடர்கள் இவர்களுக்குச் சொந்தக்காரர்கள்.

சீடர்களின் மடமைக்கும் ஓர் ஒழுங்கு இருக்கிறது. சொன்னதைச் சொன்னபடியே செய்வார்கள். குதிரையில் போகும் குருவின் தலைப்பாகை விழுகிறது. எடுக்கச் சொல்லவில்லை என்று விட்டுவிடுகிறார்கள். விழுவதையெல்லாம் எடுக்க வேண்டும் என்று குரு கடிந்ததும், குதிரை போட்ட சாணத்தைத் தலைப்பாகையில் ஏந்தி நிற்கிறார்கள். பிறகு எடுக்கவேண்டியவற்றை ஓலையில் எழுதி வாங்கிக்கொள்கிறார்கள். குருவே பள்ளத்தில் விழும்போது ஓலையைப் படித்து வேட்டியையும் தலைப்பாகையையும் எடுக்கிறார்கள். குருவின் பெயர் ஓலையில் இல்லை. கிடந்த இடத்திலிருந்தே 'என்னையும் எடுக்கவும்' என்று அவர் எழுதிக் கொடுத்த பிறகுதான் கை கொடுக்கிறார்கள். தமிழ் நகைச்சுவையில் இதற்கு ஈடான காட்சி அரிது.

சிறுவர் பதிப்புகள் கதையைச் சுருக்கி, நடையின் குறும்பை இழந்துவிடுகின்றன. வீரமாமுனிவரின் மூலத்தையே எடுத்து, வீட்டில் ஒருவர் உரக்கப் படிக்க மற்றவர்கள் கேளுங்கள்.