சரக்கோடு நாலு வார்த்தை



நமது கடற்கரைக்கு முத்துக்குளித்துறை என்று பெயர். அந்நாளில் முத்துக் குளிப்பவர் கல்லின் பாரத்தில் கடலடிக்குச் செல்வார். தோணியில் ஒருவர் கயிற்றைப் பிடித்துக் காத்திருப்பார். கயிறு அசைந்ததும் இழுத்துவிடுவார். உடன்பிறந்தவளின் தாலியை நினைத்தாவது கயிற்றை விடமாட்டார் என்று, மைத்துனரையே அந்த வேலைக்கு வைப்பார்களாம்.

இன்று தூத்துக்குடியில் கரையிலேயே இருக்கும் பலருக்கு அப்படிக் கயிறு பிடிக்க ஆள் இல்லை. பிள்ளைகள் சென்னையிலும் வளைகுடாவிலும் கப்பலிலும் இருக்கிறார்கள். வீட்டில் தாயோ தந்தையோ தனியே. மாதம் தவறாமல் பணம் வருகிறது, பேசத்தான் ஆளில்லை.

இது சின்ன விஷயமல்ல. உலகில் 6 பேரில் ஒருவர் தனிமையால் வாடுகிறார் என்றும், ஆண்டுக்கு 8 லட்சத்து 71 ஆயிரம் மரணங்களுக்கு இதில் தொடர்பிருக்கிறது என்றும் உலக சுகாதார நிறுவனத்தின் 2025 ஜூன் அறிக்கை கூறுகிறது.

இதில் வியாபாரிக்கு என்ன வேலை என்று கேட்கலாம். நெதர்லாந்தில் ஜம்போ என்ற பெரிய பலசரக்கு நிறுவனம் 2019இல் ஒரு கடையில் தனிக் கல்லா வைத்தது. அவசரமில்லாதவர்கள் அங்கே பேசிக்கொண்டே பில் போடலாம். வரவேற்பைப் பார்த்து, 2021இல் 200 கடைகளுக்கு விரிவாக்கப்போவதாக அறிவித்தது.

"வாங்க ஆச்சி, கால்வலி எப்படி இருக்கு?" என்று கேட்டுக்கொண்டே பருப்பு நிறுத்த நமக்கு இது புதிதா? ஆனால் இன்று நாமும் மாறிவருகிறோம். போனில் ஆர்டர், பையன் பையை வாசலில் வைத்துவிட்டு வருகிறான். பணம் வந்துவிட்டது என்று பெட்டி சொல்கிறது. நாம் நிமிர்ந்துகூடப் பார்ப்பதில்லை.

விலையிலும் வேகத்திலும் பெரிய கம்பெனிகளோடு போட்டியிடுவது கடினம். ஆனால் நாலு நாளாக ஆச்சி பால் வாங்க வரவில்லையே என்று கவலைப்பட அவர்களிடம் ஆளில்லை. நம்மிடம் இருக்கிறது.

ஆகவே, தனியே வசிக்கும் வாடிக்கையாளர்களின் பெயரைக் கணக்கு நோட்டில் குறித்து வைப்போம். அவர்கள் சம்மதித்தால், பிள்ளைகளின் போன் நம்பரையும் வாங்கிக்கொள்வோம். வழக்கமாக வருபவரைக் காணோமென்றால் பையனை அனுப்பி விசாரிப்போம். சரக்கைக் கையில் கொடுத்து நலம் கேட்டு வரச் சொல்வோம். மதியம் கூட்டமில்லாத நேரத்தில் கடையோரம் ஒரு ஸ்டூல் போட்டு வைப்போம்.

காலை முதல் இரவு வரை கல்லாவிலேயே உட்கார்ந்திருக்கும் நமக்கும் அந்த நாலு வார்த்தை தேவைதானே!