சொல்லாமல் உணர்த்தும் படம்: ஹம்ஃப்ரி ஜென்னிங்ஸின் ஆவணப்படங்கள்

ஆவணப்படம் என்றவுடன் நம் செவியில் முதலில் ஒலிப்பது ஒரு குரல். திரையில் ஒருவர் வலை பின்னிக்கொண்டிருப்பார். அவர் வலை பின்னுகிறார் என்று அக்குரல் நமக்கு அறிவிக்கும். காட்டப்படும் மனிதரோ வாய் திறப்பதில்லை. எளிய மக்களைப் பற்றிய படத்தில் பேசும் உரிமை மட்டும் வேறொருவரிடம் இருப்பது மொழியியல் நோக்கில் கருதத்தக்கதாகும். அக்குரலை நீக்கிவிட்டால் படம் எவ்வாறு பொருள் தரும்? இவ்வினாவிற்கு விடை காண, பிரிட்டனைச் சேர்ந்த ஹம்ஃப்ரி ஜென்னிங்ஸ் (1907–1950) இயக்கிய படங்களை நோக்குவோம்.

ஜென்னிங்ஸ் கேம்பிரிட்ஜில் ஆங்கில இலக்கியம் பயின்றவர், ஓவியர், கவிஞர். 1937-இல் டாம் ஹாரிசன், சார்ல்ஸ் மாட்ஜ் ஆகியோருடன் சேர்ந்து, தம் நாட்டு மக்களின் அன்றாட வாழ்வைக் கூர்ந்து நோக்கிப் பதிவுசெய்யும் 'மாஸ் அப்சர்வேஷன்' என்னும் இயக்கத்தைத் தொடங்கினார். அப்பயிற்சியின் பயனை அவருடைய படங்களில் காணலாம்.

1942-இல் வெளிவந்த 'லிசன் டு பிரிட்டன்' ஏறத்தாழ 20 நிமிடப் படம். படத்தொகுப்பாளர் ஸ்டூவர்ட் மெக்கலிஸ்டருடன் இணைந்து உருவாக்கியது. இது அரசின் போர்க்காலப் பரப்புரைப் படமே என்பதை மறைக்க வேண்டுவதில்லை. ஆயினும் இதன் காட்சிகளுக்கு விளக்கவுரை கிடையாது. வயல், வானூர்தி, நடன அரங்கு, தொடர்வண்டியில் பாடும் போர்வீரர்கள், தொழிற்சாலைப் பெண்கள் எனக் காட்சியும் ஒலியும் தொடர்கின்றன.

ஓர் இடத்தைச் சற்று விரிவாகக் காண்போம். தொழிலாளர் உணவுக்கூடத்தில் ஃப்ளனகன், ஆலன் என்னும் நகைச்சுவை இணையர் பாடுகின்றனர். அப்பாட்டின் ஒலி, லண்டன் தேசிய ஓவியக்கூடத்தில் மைரா ஹெஸ் பியானோவில் இசைக்கும் மொசார்ட்டின் இசையில் நேரே சென்று கலக்கிறது. கேட்போரிடையே அரசியும் அமர்ந்திருக்கிறார். குண்டுவீச்சுக்கு அஞ்சி ஓவியங்கள் அகற்றப்பட்டமையால் சட்டங்கள் வெறுமையாக உள்ளன. இக்காட்சிகளை நாம் உரைநடையில் எழுதினால் 'ஆனால்', 'எனினும்', 'அதுபோலவே' என ஏதேனும் ஓர் இணைப்புச் சொல்லைத் தேர்ந்தெடுத்தே ஆகவேண்டும். 'ஆனால்' என்றால் இரண்டும் முரணாகும். 'அதுபோலவே' என்றால் ஒப்பாகும். படத்தொகுப்பில் அச்சொற்கள் இல்லை. ஒலி மட்டும் தமிழின் எண்ணும்மை போல, இதுவும் அதுவும் என்று அடுக்கிச் செல்கிறது. உறவு யாதென முடிவு செய்பவர் காண்பவரே.

தொல்காப்பியம் கூறும் இறைச்சியை அறிந்தவர்க்கு இம்முறை புதிதாகத் தோன்றாது. அகப்பாடலில் விலங்கும் பறவையும் நிலக்காட்சியாகவே நிற்கும். தலைவியின் நெஞ்சம் அதனூடே புலப்படும். ஜென்னிங்ஸ் இதை அறிந்திருந்தார் என நாம் கூறவரவில்லை. சொல்லாது விடுவதால் பொருள் பெருகும் வழி இரண்டிலும் ஒன்றாக உள்ளது.

ஒரு வேறுபாடும் உண்டு, அதுவே சிக்கலானது. அகத்திணை மாந்தர்க்குப் பெயர் சுட்டலாகாது என்பது மரபு. பெயரின்மையால் அத்தலைவி எவராகவும் இருக்கலாம். இப்படத்தின் தொழிலாளர்க்கும் பெயரில்லை. எனினும் அவர்களுக்கு முகம் உண்டு. முகம் எவருடையதாகவும் இருக்க முடியாது, ஒருவருடையதே. அவரை ஒரு நாட்டின் சின்னமாக்குவது சிறப்புச் செய்வதா, அவரைக் கரைத்துவிடுவதா? உழைப்பாளரின் ஓய்வுநேரத்தைக் காட்டும் 'ஸ்பேர் டைம்' (1939) வெளிவந்தபோது, ஊதுகுழல் குழுவினரை அவர் எள்ளுகிறார் என்று உடன்பணியாற்றியோரே சிலர் குறைகூறினர். அக்குற்றச்சாட்டு மிகையானது என்பது நம் கருத்து. எனினும், விளக்கம் இல்லாத படம் இத்தகைய ஐயத்திற்கு இடம் தரும் என்பது உண்மை.

1943-இல் வந்த 'ஃபயர்ஸ் வேர் ஸ்டார்ட்டட்' இதற்கு ஒருவகை மறுமொழி எனலாம். இதில் நடித்தோர் உண்மையான தீயணைப்பு வீரர்கள். உரையாடல் பெரும்பாலும் அவர்களோடு பழகி, அவர்கள் வாய்மொழியிலிருந்தே உருப்பெற்றது. முற்றுப்பெறாத தொடர்கள், ஒருவர் பேச்சில் மற்றொருவர் குறுக்கிடுதல், கேலி, வட்டாரச் சொல் அனைத்தும் திருத்தப்படாமல் உள்ளன. பேச்சுத்தமிழைப் பதிவுசெய்யும் மாணவர்கள் இதனை ஊன்றிக் கேட்கலாம். இங்கே எளியோர் காட்சிப்பொருளாக மட்டும் நில்லாமல் தம் மொழியோடு வருகின்றனர்.

'எ டைரி ஃபார் திமோதி' (1945) படத்தில் விளக்கவுரை மீண்டும் இடம்பெறுகிறது. எழுதியவர் நாவலாசிரியர் இ. எம். ஃபார்ஸ்டர். 1944 செப்டம்பரில் பிறந்த ஒரு குழந்தையை முன்னிலைப்படுத்தி, போருக்குப் பின் என்ன செய்யப்போகிறாய் என்று அக்குரல் வினவுகிறது. அறிவிக்கும் குரல் இங்கே கேட்கும் குரலாகிவிட்டது. 1950-இல், அடுத்த படத்திற்கு இடம் பார்க்கச் சென்றபோது, கிரேக்கத்தின் போரோஸ் தீவில் பாறையிலிருந்து விழுந்து ஜென்னிங்ஸ் இறந்தார். அகவை 43.

'லிசன் டு பிரிட்டன்' ஒரு பாடவேளைக்குள் அடங்கும். அதன் தொடக்கத்தில் லெனர்ட் புராக்கிங்டன் என்னும் கனடியர் படத்தின் பொருளை விளக்கும் முன்னுரை ஒன்று இணைக்கப்பட்டுள்ளது. ஆசிரியர்கள் அதனை விலக்கிவிட்டுத் திரையிடலாம். மாணவர்கள் தத்தம் இணைப்புச் சொற்களை எழுதி முடித்த பின்னர் வேண்டுமானால் அதனைக் கேட்கச் செய்யலாம்.