அவன் சிங்கம் இல்லைன்னு யாருக்குத் தெரியும்?

இன்னைக்கு ஒரு கௌபாய் படம். ஹாலிவுட் இல்லீங்க, சிம்புதேவனோட 'இரும்புக்கோட்டை முரட்டு சிங்கம்', 2010. அப்ப காமெடின்னு சிரிச்சுட்டு விட்டுட்டோம். எனக்கு இப்ப அது ஆள்மாறாட்டப் படமாத்தான் தெரியுது.

ஊர் பேரு ஜெய்சங்கர்புரம். (1972-ல 'கங்கா', 'ஜக்கம்மா'ன்னு கர்ணன் படங்கள்ல நடிச்ச ஜெய்சங்கருக்கு ஒரு சல்யூட்.) ஊரைக் காத்த சிங்கம் காணாமப் போயிட்டான். நாசர் நடிச்ச கிழக்குக்கட்டை ஊரையே மிரட்டி வெச்சிருக்கான். இன்னொரு பக்கம், தூக்குமேடையில சிங்காரம்னு ஒருத்தன், அச்சு அசல் சிங்கம் மாதிரியே. பெரியவங்க சிலர் அவனைக் காப்பாத்தி, சிங்கமா நடிக்கச் சொல்லிக் கூட்டிட்டு வர்றாங்க. ரெண்டு பேருமே லாரன்ஸ்தான்.

இது எங்கயோ கேட்ட மாதிரி இருக்கா? குரோசாவாவோட 'ககேமுஷா', 1980. அதுலயும் மரண தண்டனைக்குப் போற திருடன்தான், முக ஒற்றுமையால பிரபு ஷிங்கென் இடத்துல உக்கார்றான். மனுசங்கள ஏமாத்திடறான், ஆனா ஷிங்கெனோட குதிரை அவனைக் கீழ தள்ளிடுது. மாட்டிக்கிறான்.

நான் ஆபீஸ்ல எழுதறது லாகின் கோடு. ஓடிபி சரியா அடிச்சா உள்ள விடும், அவ்வளவுதான். நீங்க நீங்களா இருக்கணும்னு சர்வருக்கு எந்த ஆசையும் கிடையாது. ஜெய்சங்கர்புரத்துக்கு அந்த ஆசை இருக்கு. அதனாலதான் தொப்பியும் முகமும் அங்க போதுமா இருக்கு. கடைசில கிழக்குக்கட்டையை எதிர்த்து நிக்கிறதும் அந்த டூப்ளிகேட்தான்.

எங்க ஊரு ஆனைமலை. மூணு வருசம் முன்னாடி மாசாணியம்மன் கோயில் பக்கத்துல ஒரு வயசான ஆத்தா என்னைய எங்க சித்தப்பா பேரு சொல்லிக் கூப்பிட்டாங்க. சித்தப்பா நான் ஸ்கூல் படிக்கறப்பவே போயிட்டாரு. நான் அவரை மாதிரியே இருக்கேன்னு வீட்ல எல்லாரும் சொல்லுவாங்க.

"ஏன் கண்ணு, இத்தன நாளா எங்க போனே?"

"கோயமுத்தூர்ல வேலைங்காத்தா."

பொய் இல்லை, என் வேலை அங்கதான். ஆனா பதில் சொன்னது நானான்னு எனக்கே தெரியலை. பின்னாடி நின்ன அவங்க மக என்னையவே பாத்தாங்க. அவங்களுக்குத் தெரியும். ஒண்ணும் சொல்லலை.

ஆத்தா மடியில இருந்து பத்து ரூபாய் எடுத்து என் கையில வெச்சாங்க. "டீ குடி சாமி."

வாங்கிக்கிட்டேன்.