கவிழ்த்து வைத்தால் ஓடும்

1990களின் கடைசியில், முதல் தலைமுறை பிளேஸ்டேஷன் வைத்திருந்த பல வீடுகளில் ஒரு விநோதக் காட்சியைப் பார்க்கலாம். சாம்பல் நிறப் பெட்டி தலைகீழாகக் கிடக்கும். மூடி தரையைப் பார்த்திருக்கும், அடிப்பாகம் கூரையைப் பார்த்திருக்கும். உள்ளே டிஸ்க் சுழலும், டிவியில் ஆட்டம் ஓடும். நிமிர்த்தி வைத்தால் கொஞ்ச நேரத்தில் படம் அப்படியே உறைந்துவிடும். கவிழ்த்தால் ஓடும்.

விளையாடியவர்களுக்கு நோய் தெரியாது, வைத்தியம் தெரியும். நம்மூர் பிளேஸ்டேஷன் கடைகளில் மணிக்கணக்குக்குக் காசு கொடுத்து விளையாடியவர்களுக்கும் இப்படிச் சில கைவைத்தியங்கள் நினைவிருக்கும். "அண்ணா, ஸ்டக் ஆயிடுச்சு" என்று குரல் போனதும் கடைக்கார அண்ணன் வருவார். டிஸ்க்கை எடுப்பார், "ஹா" என்று ஊதுவார், சட்டை நுனியால் வட்ட வட்டமாகத் துடைப்பார், திரும்பப் போடுவார். பாதி நேரம் ஓடிவிடும். பற்பசை தேய்த்தவர்கள் உண்டு, வாழைப்பழம் தேய்த்தவர்களும் உண்டு.

இவற்றில் சில சரியான வைத்தியம், சில டிஸ்க்கின் ஆயுளைக் குறைப்பவை. எது எது என்று பிரிக்க, அந்தத் தகட்டுக்குள் ஒருமுறை இறங்கிப் பார்க்க வேண்டும்.

ஐந்து கிலோமீட்டர் பாதை

முதல் பிளேஸ்டேஷன் 1994 டிசம்பரில் ஜப்பானில் வெளிவந்தது. அதன் ஆட்டங்கள் சிடியில் வந்தன. சிடி என்பது 1.2 மில்லிமீட்டர் தடிமனுள்ள பாலிகார்பனேட் பிளாஸ்டிக் வட்டு. அதில் நடுவிலிருந்து விளிம்பு நோக்கி ஒரே ஒரு பாதை சுருண்டு சுருண்டு போகிறது. நூலைப் பிரிப்பதுபோல் பிரித்து நீட்டினால் ஐந்து கிலோமீட்டருக்கு மேல் வரும். ஒரு சுற்றுக்கும் அடுத்த சுற்றுக்கும் இடைவெளி 1.6 மைக்ரான்தான். நம் தலைமுடி ஒன்றின் அகலத்துக்குள் இப்படி நாற்பது ஐம்பது சுற்றுகள் அடங்கிவிடும்.

அந்தப் பாதை நெடுகக் கண்ணுக்குத் தெரியாத குழிகள். 780 நானோமீட்டர் அலைநீளமுள்ள அகச்சிவப்பு லேசர் கீழிருந்து பிளாஸ்டிக்கை ஊடுருவிப் போய், குழிகளின் மேல் பூசிய அலுமினியத்தில் பட்டுத் திரும்புகிறது. சமதளத்தில் பட்டால் வெளிச்சம் நன்றாகத் திரும்பும், குழியில் பட்டால் மங்கும். மங்கலும் வெளிச்சமும் மாறும் இடங்களை எண்ணித்தான் பெட்டி ஆட்டத்தைப் படிக்கிறது.

சுழலும் தகடு அசையாமல் சுழல்வதில்லை. மேலும் கீழுமாக அரை மில்லிமீட்டர் வரை ஆடலாம் என்று சிடியின் விதியே இடம் கொடுக்கிறது. லேசரின் குவிமையமோ இரண்டு மைக்ரானுக்குமேல் பிசகக் கூடாது. அதனால் லென்ஸை மெல்லிய கம்பிகளில் தொங்கவிட்டு, ஒலிபெருக்கியில் இருப்பதுபோன்ற ஒரு காந்தச்சுருளால் ஓயாமல் ஏற்றி இறக்கிக்கொண்டே இருக்கிறார்கள். தகடு ஏறினால் லென்ஸும் ஏறும், இறங்கினால் இறங்கும். ஊசியைப் பள்ளத்தில் பதித்து ஓட்டிய பழைய இசைத்தட்டுக்கு இந்த வசதி தேவைப்படவில்லை. இங்கே தொடாமல் தொடர வேண்டும்.

தூசி ஏன் மன்னிக்கப்படுகிறது?

இவ்வளவு நுணுக்கமான எழுத்து, ஒரு தூசி விழுந்தாலே கெட்டுவிட வேண்டுமே? கெடுவதில்லை. எழுத்து இருப்பது தகட்டின் மேல்பக்கத்தில், படம் அச்சிட்ட பக்கத்துக்கு மிக அருகில். நாம் தொட்டு அழுக்காக்கும் அடிப்பக்கத்திலிருந்து அது ஒரு மில்லிமீட்டருக்கு மேல் தள்ளி இருக்கிறது. லேசர் தகட்டுக்குள் நுழையும் இடத்தில் அதன் அகலம் கிட்டத்தட்ட 0.8 மில்லிமீட்டர். குழியை எட்டும்போதுதான் இரண்டு மைக்ரானுக்குள் குவிகிறது. ஜன்னலோரம் நின்று தெருவைப் பார்க்கிறவனுக்கு ஜன்னலில் அடித்த கொசுவலை கண்ணில் படாமல் போவதுபோல, அடிப்பக்கத்தில் உள்ள சின்னத் தூசி லேசருக்கு மங்கிப்போகிறது.

இதிலிருந்து ஒரு நடைமுறைப் பாடம் கிடைக்கிறது. சிடியை மேஜைமேல் வைக்கும்போது எல்லோரும் பளபளப்பான பக்கத்தைத்தான் காப்பாற்றுவோம். உண்மையில் அதிகம் அஞ்ச வேண்டியது படம் அச்சிட்ட பக்கத்துக்கு. அங்கே அலுமினியத்துக்கும் உலகத்துக்கும் நடுவில் மெல்லிய அரக்குப் பூச்சு மட்டுமே இருக்கிறது. அந்தப் பக்கம் ஆழமாகக் கீறினால் எழுத்தே உரிந்துபோகும். தகட்டை விளக்குக்கு நேரே பிடித்து, ஊசித்துளைபோல் வெளிச்சம் வந்தால் அதற்கு மருந்தில்லை.

செல்லரித்த ஏடும் சிதறிய எழுத்தும்

தூசிக்குச் சமாதானம் கிடைத்தது. கீறலுக்கு? அதற்குக் கணிதம் துணை. பழைய ஏட்டுச்சுவடிகளைப் பதிப்பித்தவர்கள் பட்ட பாட்டை நினைத்துக்கொள்ளுங்கள். செல்லரித்து ஓர் எழுத்து போயிருக்கும். ஆனால் பாட்டு யாப்பில் இருக்கிறது. எதுகை இன்ன எழுத்தைக் கேட்கிறது, சீர் இன்ன அளவைக் கேட்கிறது. அந்தக் கட்டுப்பாடுகளை வைத்துப் போன எழுத்தைப் பல இடங்களில் மீட்டுவிட முடியும். உரைநடையில் போனால் போனதுதான்.

சிடியில் தரவை யாப்பில் எழுதுகிறார்கள். அந்த யாப்பை வகுத்தவர்கள் இர்விங் ரீட், குஸ்தாவ் சாலமன் என்ற இரு அமெரிக்கக் கணிதவியலாளர்கள். 1960-இல் வெளியான அவர்களுடைய கட்டுரை ஐந்தே பக்கம். அதன் அடிப்படை பள்ளிக்கூடக் கணக்குதான். இரண்டு புள்ளிகள் இருந்தால் ஒரு நேர்கோடு வரைந்துவிடலாம். அந்தக் கோட்டில் நான்கு புள்ளிகளைக் குறித்து அனுப்பினால், எந்த இரண்டு அழிந்தாலும் மிச்சமிருப்பதை வைத்து அதே கோட்டைத் திரும்ப வரையலாம். சிடியில் ஒவ்வொரு 24 பைட் தரவுக்கும் 8 பைட் இப்படிக் காவலாக உடன் போகிறது.

இன்னொரு தந்திரமும் உண்டு. ஏட்டு உவமையையே நீட்டலாம். ஒரு பாட்டை ஓர் ஓலையில் எழுதாமல், ஓலைக்கு ஓரெழுத்தாகப் பல ஓலைகளில் பரப்பி எழுதினால் என்ன ஆகும்? ஓர் ஓலை முழுதும் கரையானுக்குப் போனாலும் ஒவ்வொரு பாட்டிலும் ஓர் எழுத்துத்தான் குறையும். அதை யாப்பு மீட்டுவிடும். சிடி இதைத்தான் செய்கிறது. அடுத்தடுத்து இருக்க வேண்டிய பைட்டுகளைப் பாதை நெடுகச் சிதறி எழுதி, படிக்கும்போது சேர்த்துக்கொள்கிறது. இதனால் பாதையில் ஏறக்குறைய 2.5 மில்லிமீட்டர் நீளத்துக்கு ஒன்றுமே படிக்க முடியாமல் போனாலும் முழுத் தரவையும் பிசகில்லாமல் மீட்டுவிட முடியும்.

இந்த 2.5 மில்லிமீட்டர் என்ற எண்ணைக் கையில் வைத்துக்கொண்டு கடைக்கார அண்ணனின் சட்டை நுனிக்கு வருவோம். நடுவிலிருந்து விளிம்புக்கு நேராக ஓடும் கீறல், ஒரு சென்டிமீட்டர் நீளம், மயிரிழை அகலம் என்று வைத்துக்கொள்ளுங்கள். பார்க்கப் பயங்கரமாக இருக்கும். அது ஆறாயிரத்துக்கு மேற்பட்ட சுற்றுகளை வெட்டுகிறது. ஆனால் ஒவ்வொரு சுற்றிலும் சேதம் 0.1 மில்லிமீட்டர்தான். யாப்பு சிரமமில்லாமல் சமாளிக்கும். அதே கீறல் பாதையோடு ஒட்டி வட்டமாக ஓடினால்? சேதம் ஒரே இடத்தில் தொடர்ந்து பத்து மில்லிமீட்டர். மீட்கும் எல்லையைப் போல் நான்கு மடங்கு. வட்டமாகத் துடைக்கும் சட்டை நுனியில் ஒரு மணல் துகள் இருந்தால், அது போடுவது இந்த இரண்டாவது வகைக் கீறல். ஆகவே டிஸ்க்கை மெல்லிய, தூசியற்ற துணியால் நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோட்டில் துடைக்க வேண்டும். வட்டமாகத் துடைக்கவே கூடாது.

பாட்டு சமாளிக்கும், ஆட்டம் நிற்கும்

கீறல் எல்லை மீறினால் என்ன நடக்கிறது? இங்கேதான் பாட்டு சிடியும் ஆட்ட சிடியும் பிரிகின்றன. பாட்டு சிடியில் ஒரு நொடிக்கு 44,100 ஒலி மதிப்புகள் உள்ளன. ஒன்று தொலைந்தால் கருவி முன்னதையும் பின்னதையும் பார்த்து நடுவில் ஒன்றை ஊகித்துப் போட்டுவிடும். நம் காதுக்குத் தெரியாது. பாடகர் சொல்லை மறந்து ஹம்மிங்கில் சமாளிப்பதுபோல.

ஆட்டத்தில் அப்படி ஊகிக்க முடியாது. தொலைந்த எண், அடுத்து எந்தக் கட்டளைக்குப் போக வேண்டும் என்ற முகவரியாக இருக்கலாம். அதில் ஒரு பிட் மாறினால் எல்லாம் தாறுமாறாகும். அதனால் தரவு சிடியில் காவலுக்கு இன்னொரு அடுக்கு வைத்தார்கள். ஒவ்வொரு 2,352 பைட் துண்டிலும் 2,048 பைட்தான் உண்மையான சரக்கு. மிச்சத்தின் பெரும்பகுதி, படித்தது சரிதானா என்று பார்த்துத் திருத்துவதற்கானது. அதுவும் கைவிட்டால் கருவி ஊகிக்காது. திரும்பிப் போய் மறுபடி படிக்கும், வேகத்தைக் குறைத்துப் படிக்கும், குவிமையத்தைச் சரிசெய்து படிக்கும்.

முதல் பிளேஸ்டேஷனின் முதன்மை நினைவகம் 2 மெகாபைட்தான். டிஸ்க்கிலோ 650 மெகாபைட் வரை. அதனால் ஆட்டம் நெடுகிலும் அடுத்த அறை, அடுத்த பந்தயத் தடம் என்று டிஸ்க்கைக் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். கேட்டது வராதவரை நிரல் காத்திருக்கும். அந்தக் காத்திருப்பைத்தான் நாம் ‘ஹேங்’ என்கிறோம். படம் நிற்கும், ஏற்கெனவே நினைவகத்தில் இருக்கும் ஒலி சில சமயம் சுற்றிச் சுற்றி ஒலிக்கும். பெட்டியில் காதை வைத்தால் லென்ஸ் வண்டி முன்னும் பின்னும் ஓடும் ‘டக், டக்’ கேட்கும். பெட்டி செத்துப்போகவில்லை. ஒரே கேள்வியை விடாமல் கேட்டுக்கொண்டிருக்கிறது.

நோய் டிஸ்க்கிலா, பெட்டியிலா?

கண்டுபிடிக்க எளிய வழி உண்டு. ஒவ்வொரு முறையும் ஆட்டத்தின் அதே இடத்தில் நின்றால் டிஸ்க்கில் கோளாறு. அதே டிஸ்க் நண்பன் வீட்டுப் பெட்டியில் ஒழுங்காக ஓடினால் உங்கள் பெட்டியின் லென்ஸைச் சந்தேகிக்கலாம். எந்த டிஸ்க் போட்டாலும் வெவ்வேறு இடத்தில் நின்றாலும் அப்படியே. அரைமணி நேரம் ஓடிய பிறகே நிற்கிறது என்றால் சூடு, காற்றுப்போகும் துளைகளில் தூசி. சேமித்த ஆட்டத்தைத் திறக்கும்போது மட்டும் நின்றால் டிஸ்க்கின்மேல் பழி இல்லை, மெமரி கார்டில் பழுது. குளிர்சாதன அறையிலிருந்து புழுக்கத்துக்குக் கொண்டுவந்ததும் நின்றால் லென்ஸில் நீர்த்திவலை. ஒரு மணி நேரம் சும்மா வைத்தாலே போதும்.

பற்பசை வைத்தியத்தில் விஷயம் உண்டு. கீறலின் கூர்மையான ஓரங்கள் வெளிச்சத்தைத் திசைமாற்றுகின்றன. பற்பசையின் நுண்துகள்கள் அந்த ஓரங்களை மழுக்குகின்றன. ஆனால் இது சிடிக்கும் டிவிடிக்கும் மட்டும், அதுவும் கடைசி முயற்சியாக. புளூரே டிஸ்க்கில் எழுத்து, மேற்பரப்பிலிருந்து 0.1 மில்லிமீட்டரிலேயே இருக்கிறது. அதைக் காக்கக் கெட்டியான பூச்சு ஒன்று பூசியிருக்கிறார்கள். தேய்த்தால் போவது அந்தக் காவல்தான்.

இனி கவிழ்ந்த பெட்டி. முதல் மாடல்களில் லேசரைச் சுமந்து செல்லும் வண்டியும் அது சறுக்கும் தடமும் பிளாஸ்டிக். பக்கத்திலேயே சூடாகும் மின்வழங்கிப் பலகை. நாளாக ஆகப் பிளாஸ்டிக் தேய்ந்து, வண்டி ஒருபுறம் சாய்ந்து, லேசர் தகட்டைக் கோணலாகப் பார்த்தது. மைக்ரான் கணக்கில் பிழைக்கும் கருவிக்கு அந்தச் சாய்வு தாங்காது. கவிழ்த்தபோது புவியீர்ப்பு வண்டியை எதிர்ப்பக்கம் இழுத்து, தேயாத பக்கத்தில் உட்காரவைத்தது. நேர்ப்பார்வை திரும்பியது. யாரோ ஒரு பொறுமை இழந்த பிள்ளை கண்டுபிடித்த வைத்தியம், இயற்பியல்படி மிகச் சரியான வைத்தியம். பின்வந்த மாடல்களில் லேசரை மின்வழங்கியிலிருந்து தள்ளி வைத்தார்கள்.

2013-இல் வந்த பிளேஸ்டேஷன் 4 முதல், ஆட்டம் முழுக்க வன்தட்டுக்கு நகலாகிவிடுகிறது. டிஸ்க் வெறும் சாவியாகிவிட்டது. ரீடும் சாலமனும் வகுத்த யாப்பு மட்டும் ஓய்வு பெறவில்லை. பிளேஸ்டேஷன் பிறந்த அதே 1994-இல் ஜப்பானில் பிறந்த கியூஆர் கட்டத்துக்குள் அது இருக்கிறது. டீக்கடைக் கல்லாவில் ஒட்டிய அட்டையில் எண்ணெய்க் கறையும் கிழிசலும் இருந்தாலும் போன் அதைப் படித்துவிடுவது இதனால்தான். கறை அளவு மீறினால் போன் படிக்காமல் நின்றுவிடும். அரைகுறையாக ஊகித்து யாரோ ஒருவர் கணக்குக்குப் பணத்தை அனுப்பிவிடாது. தெரியாதபோது நிற்க வேண்டும் என்ற அந்த ஒழுக்கத்தைத்தான், நாம் திட்டித் தீர்த்த அந்த உறைந்த திரையும் கடைப்பிடித்துக்கொண்டிருந்தது.