கள்ளிச்செடி வாங்கும் முன்: அமெரிக்கத் தமிழர்கள் அறிய வேண்டிய சட்டங்கள்

டெக்சாஸின் பிக் பெண்ட் பகுதியில், சுண்ணாம்புக்கல் சரிவுகளில் ‘லிவிங் ராக்’ என்றொரு கள்ளி வளர்கிறது. தாவரவியல் பெயர் அரியோகார்ப்பஸ் ஃபிசுராடஸ். முள் கிடையாது. வெடித்த முக்கோணச் சில்லுகளாகத் தரையோடு தரையாகப் படிந்திருக்கும். கிழங்கு போன்ற வேர் மண்ணுக்குள் இறங்கியிருக்கும். அக்டோபர், நவம்பரில் நடுவிலுள்ள பஞ்சிலிருந்து இளஞ்சிவப்புப் பூ விரியும்போதுதான் பலருக்கும் அது செடி என்றே தெரியும்.

விதை போட்டால் பூக்கப் பல ஆண்டுகள் ஆகும். அதனால்தான் வளர்ந்த செடிகளைக் காட்டிலிருந்து தோண்டி விற்கிறார்கள். இப்படித் திருடியவர்கள் மீது டெக்சாஸில் மத்திய அரசு வழக்குத் தொடர்ந்து தண்டனை வாங்கித் தந்தது. கைப்பற்றிய செடிகள் 3,500-க்கும் மேல். அவை ஆல்பைன் நகரின் சல் ராஸ் பல்கலைக்கழகப் பராமரிப்புக்குச் சென்றன.

வாங்குபவரும் மாட்டிக்கொள்ளலாம்

சட்டவிரோதமாக எடுத்த காட்டுயிர்களின் வணிகத்தைத் தடுக்கும் லேசி சட்டம் 2008-இல் பெரும்பாலான தாவரங்களுக்கும் விரிவாக்கப்பட்டது. திருட்டுச் செடி என்று தெரிந்தே வாங்குவது மட்டும்தான் குற்றம் என்றில்லை. கவனமாக விசாரித்திருந்தால் தெரிந்திருக்கும் என்றாலும் பொறுப்பேற்க வேண்டிவரும். கடுமையான குற்றங்களுக்கு ஐந்தாண்டு வரை சிறை.

சைட்டீஸ் என்னும் பன்னாட்டு ஒப்பந்தம் ஏறக்குறைய எல்லாக் கள்ளிகளையும் தன் பட்டியலில் வைத்திருக்கிறது. அரியோகார்ப்பஸ் பேரினம் முழுவதும் மிகக் கடுமையான முதல் பட்டியலில் உள்ளது. டெக்சாஸின் ஸ்டார் கவுண்டியில் வளரும் நட்சத்திரக் கள்ளியும் அதே பட்டியல்தான். 1993 முதல் அமெரிக்காவின் அழியும் நிலைத் தாவரமும்கூட. அதை மாநிலம் விட்டு மாநிலம் விற்க அனுமதி வேண்டும்.

நட்சத்திரக் கள்ளி வளரும் அதே மண்ணில், பார்வைக்கு அதைப் போலவே, முள்ளில்லாத பெயோட்டியும் வளர்கிறது. ‘அழகான குட்டிக் கள்ளி’ என்று யார் கொடுத்தாலும் பெயோட்டியை வாங்காதீர்கள். மத்திய சட்டப்படி அது முதல் அட்டவணைப் போதைப்பொருள். செடி, விதை எல்லாம் அதில் அடக்கம். அமெரிக்கப் பழங்குடியினரின் சமய வழிபாட்டுக்கு மட்டுமே விலக்கு. போதைப்பொருள் வழக்கில் தண்டனை பெற்றால் ஹெச்-1பி விசாக்காரர் மட்டுமல்ல, கிரீன் கார்டு வைத்திருப்பவரும் நாடு கடத்தப்படலாம்.

ஊருக்கு எடுத்துப் போவதும் வருவதும்

ஒரே ஒரு தொட்டிக் கள்ளியானாலும் பெட்டியில் போட்டு எல்லை தாண்ட முடியாது. சைட்டீஸ் அனுமதி, பயிர்நலச் சான்றிதழ் ஆகியவை வேண்டும். இந்தியாவுக்குள் கொண்டுபோக இறக்குமதி அனுமதியும் வேண்டும். நம்மூர்ச் சதுரக்கள்ளிக்கும் திருகுக்கள்ளிக்கும் இது பொருந்தும். அவை கள்ளிக் குடும்பமல்ல, யூஃபோர்பியா. ஆனாலும் சைட்டீஸ் பட்டியலில் உள்ளவை. ஒடித்தால் பால் வடியும். கண்ணில் பட்டால் ஆபத்து. இவற்றுக்கு மாறாக, உண்மையான கள்ளியில் முள் முளைக்கும் இடத்தில் சிறு பஞ்சுத் திட்டு இருக்கும்.

அமெரிக்க விமான நிலையத்தில் செடியை அறிவித்துவிடுங்கள். தகுந்த ஆவணம் இல்லாவிட்டால் செடி போகும். மறைத்தால் செடியோடு அபராதமும் சேரும்.

திருட்டுச் செடியை அடையாளம் காண்பது

நாற்றங்காலில் வளர்ந்தது சீராக, பளிச்சென்று, நிறைய வேரோடு இருக்கும். காட்டிலிருந்து வந்ததில் அடிப்பகுதி தேய்ந்து பழுப்பேறி, உடலில் பழைய வடுக்கள் தெரியும்; கிழங்கு வெட்டுப்பட்டிருக்கும். பெரிய செடி, வேரில்லாமல், நம்ப முடியாத விலையில் வந்தால் விலகிவிடுங்கள்.

உங்கள் உரிமைகளும் தீர்வுகளும்

எங்கே, யார், எப்போது வளர்த்தது என்று எழுத்தில் கேளுங்கள். ரசீதையும் கடிதங்களையும் பத்திரப்படுத்துங்கள். கிரெடிட் கார்டில் பணம் கட்டிய செடி வரவில்லை, அல்லது சொன்னதற்கு மாறாக வந்தது என்றால், கணக்கு அறிக்கை அனுப்பப்பட்ட 60 நாட்களுக்குள் கார்டு நிறுவனத்திடம் எழுத்தில் முறையிடலாம். 1974-ஆம் ஆண்டுச் சட்டம் தரும் உரிமை இது.

திருட்டு விற்பனை கண்ணில் பட்டால் அமெரிக்க மீன், வனவிலங்குச் சேவைக்கு 1-844-397-8477 என்ற எண்ணில் சொல்லுங்கள். சந்தேகமான செடி ஏற்கெனவே வீட்டில் இருந்தால், அதை விற்காமல், எவருக்கும் தராமல், முதலில் வழக்கறிஞரைக் கேளுங்கள்.

வளர்க்கும் ஆசைக்கு விதையே நல்ல வழி. உள்நாட்டில், நம்பகமான நாற்றங்காலில் விதை வாங்கி, பியூமிஸ் கல் கலந்த மண்ணின் மேல் தூவி, முளைக்கும்வரை மூடி வையுங்கள். வளர்ந்த செடியை, நியூ ஜெர்சியில் குளிர்காலம் முழுக்க வெயில் படும் ஜன்னலோரம் வைத்து, தண்ணீரை நிறுத்திவிடுங்கள். பே ஏரியாவில் மழையில் நனையாமல் பார்த்தால் போதும். காட்டில் ஒரு செடிகூடக் குறையாமல் நம் வீட்டில் ஒன்று வளரும்.